அகராதியில் இல்லாத வேற்றுமை

யாழ்ப்பாணத்து நண்பர் ஒருவர் எனக்கு எழுதிய கடிதத்தில், தம் வீட்டுக்கு வழி சொல்லுமிடத்து, புகையிரதக் கடவையைத் தாண்டியதும் இடப்பக்கம் திரும்பவேண்டும் என்று குறித்திருந்தார். இருப்புப்பாதையைச் சாலை குறுக்கிட்டுச் செல்லும் இடத்துக்கு அவர் வழங்கிய சொல் அழகாக இருந்ததனால், அது பழஞ்சொல்தானோ, அண்மையில் ஆக்கிக்கொண்டதோ என்று அறியும் விருப்பத்தோடு அகராதியைப் பிரித்தேன். வழி என்றும் தாண்டிச் செல்லும் இடம் என்றும் பொருள்படும் பழைய சொல்லே அது. ஆனால் என் கண் அதில் நிலைக்கவில்லை. அதற்குச் சற்று மேலே, அதே பத்தியில், அதே அளவு எழுத்தில், கடவுள் என்ற சொல் நின்றது. அதற்கும் மேலே கடலை. கீழே சிறிது தூரத்தில் கடற்கரை.

அன்றிரவு அந்தப் பக்கத்தை மூட எனக்கு மனம் வரவில்லை. கோயில்களைக் கட்டுவித்ததும், மதங்களைப் பிரித்ததும், எத்தனையோ பேரை வீடுவாசல் துறக்கச் செய்ததும், எத்தனையோ பேருக்கு மரணகாலத்தில் துணைநின்றதும் ஆகிய அந்த ஒரு சொல்லுக்கு, கடலை என்னும் சொல்லுக்குக் கிடைத்த இடத்தைவிட ஓர் அங்குலமும் அதிகமாகக் கொடாமல், அகரவரிசை ஒன்றையே நீதியாகக் கொண்டு நடக்கும் புத்தகத்தைப் பார்த்தபோது எனக்கு வருத்தம் உண்டாகவில்லை. ஒருவகை நடுக்கமே உண்டாயிற்று. கடக்கும் இடம் கடவை. எல்லாவற்றையும் கடந்தும் எல்லாவற்றின் உள்ளும் இருப்பது கடவுள் என்று பெரியோர் விளக்குவர். அச்சொல்லுக்கு அகராதிகள் கூறும் பொருளோ, வாக்குக்கும் மனத்துக்கும் எட்டாதது என்னும் கருத்தில் அமைந்தது. சொல்லால் எட்டமுடியாதது என்பதையே ஒரு சொல்லுக்குப் பொருளாக எழுதிவிட்டு, அகராதி அமைதியாக அடுத்த சொல்லுக்குப் போய்விடுகிறது. அது எப்படி இயலும் என்ற கேள்வி அன்று தொடங்கி என்னை விடவில்லை.

நம் முன்னோர் அகரவரிசையில் தொடங்கவில்லை. அவர்களுடைய நிகண்டுகள் உலகத்தை ஒரு வரிசையில் நிறுத்தி, அந்த வரிசையில் சொற்களை நிறுத்தின. திவாகரத்தில் தெய்வப் பெயர்த் தொகுதி முதலில் வரும். பின்னர் மக்கள், விலங்கு, மரம், இடம், பல்பொருள் என்று இறங்கி, செயற்கை வடிவங்களையும் பண்பையும் செயலையும் ஒலியையும் கூறி, கடைசியில் ஒரு சொல் பல்பொருளுக்கும் தொகைப் பெயருக்கும் வந்து பன்னிரண்டு தொகுதிகளாக முடியும். பிங்கலமோ வான்வகையில் தொடங்கி வானவருக்கு வந்து, பிறகு மண்ணுக்கு இறங்கும். இவற்றை மனனம் செய்த திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளை, சொற்களோடு சேர்த்து, அவற்றின் தராதரத்தையும் அறியாமலே கற்றுக்கொண்டான். எது முன், எது பின், எது உயர்வு, எது அதற்குக் கீழ் என்னும் தத்துவம், பொருளறியாப் பருவத்திலேயே அவன் நாவில் ஏறிவிட்டது.

இந்த வரிசை முறையில் ஆசிரியரின் சமயமும் வெளிப்படும். சூடாமணி நிகண்டை இயற்றிய மண்டலபுருடர் சமணர். ஆதலால் அவருடைய தெய்வப் பெயர்களில் அருகனுக்கு முதலிடம். வடமொழியில் அமரகோசம் செய்த அமரசிம்மர் பௌத்தர் என்பது மரபு. அவர் சுவர்க்கத்துக்கும் தேவருக்கும் அசுரருக்கும் உரிய பொதுப் பெயர்களைக் கூறியவுடன் புத்தருடைய நாமங்களைக் கூறி, அதன்பின்னரே பிரமனுக்கும் விஷ்ணுவுக்கும் சிவனுக்கும் வருகிறார். இதைவிட என் மனத்தைக் கவர்வது வேறொன்று. தமக்கு முதல்வரல்லாத அத்தெய்வங்களுடைய பெயர்களையும் இவ்விருவரும் ஒன்றும் குறைக்காமல், ஒன்றையும் திரிக்காமல், உரிய மதிப்போடு தொகுத்துவைத்தனர். வைதிகக் குடும்பத்துக் குழந்தைகள் தலைமுறை தலைமுறையாக அமரத்தை நெட்டுருப்போட்டு, பௌத்தர் ஒருவர் தொகுத்துத் தந்த சிவநாமங்களைக் கொண்டே காவியம் படிக்கத் தொடங்கினர். சைவச் சிறுவர் சமணருடைய விருத்தங்களால் தமிழ் கற்றனர். வாதத்தில் ஒருவரையொருவர் வெல்லப் போராடிய சமயங்கள், பெயர்களைக் காப்பதில் ஒன்றுக்கொன்று உதவியாக இருந்தன என்பதைச் சமய வரலாறு எழுதுவோர் இன்னும் சற்று விரிவாகச் சொல்லலாம்.

அகரவரிசை நம்மிடம் வந்தது பிற்காலத்தில். சிதம்பர ரேவண சித்தர் 1594இல் சொற்களை முதலெழுத்து வரிசையில் அமைத்து அகராதி நிகண்டு செய்தார். இத்தாலியிலிருந்து வந்த வீரமாமுனிவர் 1732இல் பெயர், பொருள், தொகை, தொடை என்னும் நான்கு பகுதிகளையுடைய சதுரகராதியை இயற்றினார். சென்னைப் பல்கலைக்கழகத்தின் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்து, ஒரு லட்சத்து நாலாயிரத்துக்கும் மேற்பட்ட சொற்களைத் தன்னுள் அடக்கியது. இந்த மாறுதலில் தெய்வம் தன் முதலிடத்தை இழந்தது. ஆனால் முழுதும் இழந்ததா? அகராதியின் முதற்சொல் அ. அது எழுத்து, சேய்மைச் சுட்டு, எட்டு என்னும் எண்ணின் குறி, சிவனுக்கும் திருமாலுக்கும் பெயர். வள்ளுவர் தம் முதற்குறளில் இறைவனுக்கு உவமையாக எடுத்துக்கொண்டதும் இவ்வெழுத்தையே. பொருள்வரிசையைக் கைவிட்டு எழுத்துவரிசையைக் கைக்கொண்டபோதும், வாசலில் நின்ற பெயர் மாறவில்லை.

சொற்களுக்கன்றிப் பெயர்களுக்கென்றே அமைந்த நூலும் நமக்கு உண்டு. ஆ. சிங்காரவேலு முதலியார் தனி ஒருவராக ஆண்டுக்கணக்கில் உழைத்துத் தொகுத்த அபிதான சிந்தாமணி, பாண்டித்துரைத் தேவரின் ஆதரவால் மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் வழியாக 1910இல் வெளிவந்தது. முனிவரும் அரசரும் புலவரும் அசுரரும், நதிகளும் தலங்களும் நோன்புகளும், ஒருவரோடு ஒருவருக்கு யாதொரு சம்பந்தமும் இன்றி, எழுத்து ஒன்றினாலேயே அயலாராகி வரிசையாக நிற்கும் அந்தப் பெருநூலைப் புரட்டும்போது, சந்தைநாளில் ஒரு பெரிய ஊரின் கடைவீதியில் நிற்பதுபோல் தோன்றும். ஒரு பெயருக்குப் பலர் உரிமை கொண்டாடும் இடங்கள் இத்தகைய நூல்களில் மிகவும் சிந்திக்கத் தக்கவை. கிருஷ்ணன் என்றால் தேவகியின் மைந்தன், வியாசரும் கிருஷ்ணரே, அருச்சுனனுக்கும் அது ஒரு பெயர், ஈறு சிறிது மாறினால் திரௌபதியும் கிருஷ்ணையே. கபிலர் என்றால் சாங்கியம் கண்ட முனிவர்; பாரியின் நண்பரான நம் புலவரும் கபிலரே. பெயர் ஒன்று, ஆட்கள் பலர். அகராதிக்காரர் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிட்டு அவர்களைப் பிரிக்கிறார். அந்த எண்ணைப் பேசுகிறவன் நாவில் யார் இடுகிறார்கள்?

எங்கள் வீட்டில் இக்கேள்வி ஏட்டளவில் இருக்கவில்லை. என் பாட்டனாருக்கு நாராயணன் என்று பெயர். கணவன் பெயரை மனைவி வாயால் சொல்லக்கூடாது என்ற அந்தக் காலத்து வழக்கத்தை விரதம்போல் அனுசரித்தவர் என் பாட்டி. அதனால் அவருக்குப் பெருமாளின் அந்தத் திருநாமமும் விலக்காகிவிட்டது. பஜனையில் எல்லோரும் அந்த நாமத்தைப் பாடும்போது அவர் உதடுகள் மூடிக்கொள்ளும். அடுத்த நாமத்தில் மறுபடியும் சேர்ந்துகொள்வார். மூத்த பேரன் பிறந்ததும் முறைப்படி பாட்டனார் பெயரையே வைத்தார்கள். பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதன் மரூஉ அன்றோ? பாட்டியோ அவனையும் பெயர் சொல்லி அழைக்க வழியில்லாமல், குழந்தே என்றே நெடுநாள் அழைத்துவந்தார். கணவர், தெய்வம், பேரன் ஆகிய மூவரையும் ஒரு பெயர் பிணைத்திருந்தது. அதனாலேயே மூவரில் ஒருவரையும் பெயரிட்டு அழைக்கமுடியாமல் அவர் வாழ்ந்தார். ஒரு சொல்லுக்கு மூன்று பொருள் என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அவருக்கோ அச்சொல் மூன்று இடத்திலும் ஒரே சொல்லாகத்தான் இருந்தது.

நிகண்டுகளில் ஒரு சொல் பல்பொருட் பகுதியைப் படிப்பவருக்கு இந்த வியப்பு அடிக்கடி நேரும். அரி என்னும் சொல்லை எடுத்துக்கொள்வோம். வடமொழியிலிருந்து வந்த அந்தச் சொல்லுக்கு விஷ்ணு, இந்திரன், யமன், சூரியன், சந்திரன், காற்று, சிங்கம், குதிரை, குரங்கு, பாம்பு, கிளி, தவளை என்றெல்லாம் பொருள் கூறுவர். நம் தமிழ் அரியோ வயலிலே அரிந்துவைத்த நெற்கதிரின் கைப்பிடியையும், கண்ணில் ஓடும் செவ்வரியையும் குறிக்கும். வைகுண்டத்தில் இருப்பவனும் வயற்காட்டுத் தவளையும் ஒரே ஒலியில் வந்து தங்குவதற்குக் காரணம் யாது? அது தற்செயலா, அல்லது நாம் அறியாத ஓர் உறவு அவற்றிடையே உண்டா?

தொல்காப்பியர் உரியியலின் இறுதியில் இவ்விஷயத்தைத் தொட்டுச் சொல்லியிருப்பவை, அளவில் சிறியவையாயினும், ஒரு தத்துவ நூலுக்குரிய கனம் உடையவை. இந்தச் சொல்லுக்கு இந்தப் பொருள் வந்ததன் காரணம் பார்த்த மாத்திரத்தில் விளங்குவதன்று என்பது அவர் கருத்து. காரணமே இல்லை என்று அவர் கூறவில்லை, வெளிப்படையாகத் தோன்றாது என்றே கூறினார் என்பது உரைகாரர்கள் காட்டும் நுட்பம். ஒரு சொல்லுக்குக் கூறிய பொருளுக்கும் பொருள் கேட்கத் தொடங்கினால் அதற்கு எல்லையே இராது என்பது மற்றொரு கருத்து. அகராதியைக் கையாண்ட ஒவ்வொருவருக்கும் இதன் உண்மை தெரியும். துக்கம் என்றால் துன்பம். துன்பம் என்றால் இடர். இடர் என்றால் வருத்தம். வருத்தம் என்றால் மறுபடியும் துன்பம். துன்பத்தை ஒருநாளும் அறியாதவன் ஒருவன் இருப்பானாயின், இந்த நான்கு சொற்களையும் எத்தனை முறை சுற்றிவந்தாலும் அவனுக்கு ஒன்றும் கிட்டாது. உணர்தல் என்பது உணர்கிறவனுடைய வலிமையைப் பொறுத்தது என்றும் ஆசிரியர் சொல்லிவைத்தார். அகராதியின் வாசல் வெளிப்பக்கத்திலிருந்து திறப்பதன்று.

இதே கேள்வியை வடமொழித் தரிசனங்கள் நூற்றாண்டுக்கணக்காக வாதித்தன. சொல்லுக்கும் பொருளுக்கும் உள்ள சம்பந்தம் இயல்பானது, என்றும் உள்ளது, யாராலும் செய்யப்பட்டதன்று என்பது மீமாம்சகர் பக்ஷம். அதை ஏற்படுத்தியவர் இன்னார் என்று யாரும் நினைவுகூரவில்லை என்று அவர்கள் காட்டினர். மேலும், முதன்முதலாக ஒருவர் இந்தச் சொல்லுக்கு இது பொருள் என்று நிருணயித்தார் என்று வைத்துக்கொண்டாலும், அவர் அதை எந்தச் சொல்லால் சொன்னார், அந்தச் சொல்லுக்கு முன்னமே பொருள் இருந்திருக்க வேண்டுமே என்று சபர சுவாமி எழுப்பிய ஆட்சேபம் இன்றளவும் எளிதில் விடை காணமுடியாதது. நையாயிகர்களோ, சம்பந்தம் ஏற்படுத்தப்பட்டதே, இந்தச் சொல்லால் இந்தப் பொருள் அறியப்படுக என்ற ஈசுவரனுடைய இச்சையே அதற்குச் சக்தி என்றனர். சிவஞான முனிவர் தமிழில் தந்துள்ள தருக்கசங்கிரகத்தைப் பயின்றவர்கள் இதை அறிவார்கள். திபெத்திய மரபு காஞ்சிக்கு அருகில் பிறந்தவராகக் கூறும் பௌத்த ஆசாரியர் திங்நாகர் வேறொரு வழியில் சென்று, பசு என்ற சொல் பசுவைக் காட்டுவதில்லை, பசுவல்லாதவற்றை விலக்குவதோடு நின்றுவிடுகிறது என்று கூறினார். அகராதியின் செயல் உண்மையில் திங்நாகர் கூறிய வகையிலேயே நடக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. கடலை என்ற சொல்லுக்கு ஒருவகைப் பயறு என்று எழுதும்போது, உளுந்தையும் துவரையையும் அறிந்தவன் அவற்றை நீக்கிவிட்டு எஞ்சியதை எடுத்துக்கொள்கிறான். கடலையைத் தின்றறியாதவனுக்கு அதன் சுவையை அந்த வாக்கியம் தருவதில்லை.

சொற்பொருளை அறிவதற்குரிய வழிகள் எட்டு என்று நியாய நூலார் எண்ணுவர். இலக்கணம், உவமை, நம்பத்தக்கவர் சொல் முதலியவற்றோடு கோசமும், அதாவது அகராதியும், அவற்றுள் ஒன்று. ஆனால் அவற்றுக்கெல்லாம் தலையாயது விருத்தவியவகாரம், பெரியோர் வழங்கக் காண்பது. பசுவைக் கொண்டுவா என்று ஒரு பெரியவர் சொல்ல, மற்றவர் போய் ஒரு மிருகத்தைக் கொண்டுவருகிறார். பசுவைக் கட்டு, குதிரையைக் கொண்டுவா என்கிறார். அருகில் மண்ணில் விளையாடிக்கொண்டிருக்கும் குழந்தை, மாறுவது எது, மாறாதது எது என்று கவனித்து, ஒருவர் சொல்லாமலே பசு இன்னது, குதிரை இன்னது என்று தெரிந்துகொள்கிறது. நாம் அனைவரும் நம் முதல் ஆயிரம் சொற்களை இப்படித்தான் பெற்றோம். அகராதி அதன்பின் வந்தது. அந்த முதல் ஆயிரத்தின்மேல் நின்றுகொண்டே அது மற்றவற்றைச் சொல்லித்தருகிறது.

இங்கே ஒரு கஷ்டம் எழுகிறது. பசுவைக் கொண்டுவரலாம். கடவுளைக் கொண்டுவா என்று எந்தப் பெரியவர் சொல்லி, யார் கொண்டுவந்து, எந்தக் குழந்தை பார்த்தது?

சங்கர பகவத்பாதர் இந்தக் கஷ்டத்தை ஒளிக்காமல் எதிர்கொண்டவர். சொல் ஒன்று பொருளைக் குறிப்பதற்கு ஜாதி, குணம், கிரியை, சம்பந்தம் என்ற நான்கில் ஏதேனும் ஒன்று பற்றுக்கோடாக வேண்டும் என்று கீதையின் பதின்மூன்றாம் அத்தியாய பாஷ்யத்தில் அவர் காட்டுகிறார். பசு என்பது ஜாதியால், வெளுப்பு என்பது குணத்தால், சமைக்கிறான் என்பது கிரியையால், செல்வன் என்பது சம்பந்தத்தால் பொருளைத் தரும். பிரம்மத்துக்கு ஜாதி இல்லை; குணமில்லை; கிரியையில்லை; இரண்டாவது பொருள் இல்லாமையால் சம்பந்தமும் இல்லை. எனவே எந்தச் சொல்லும் அதை நேராகத் தொடாது. அப்படியானால் தைத்திரீய உபநிஷத்து அதை ஸத்யம், ஞானம், அநந்தம் என்ற மூன்று சொற்களால் கூறுவானேன்? அவை லக்ஷணமாக வந்தவை என்கிறார். மாறுவதை விலக்குவது ஸத்யம். சடத்தை விலக்குவது ஞானம். எல்லையுள்ளதை விலக்குவது அநந்தம். இது அன்று, இது அன்று என்று ஒவ்வொன்றாக நீக்கிக்கொண்டே போனால், நீக்க முடியாமல் நிற்பது எதுவோ அது. அகராதியாசிரியர் சொல்லால் எட்டமுடியாதது என்று எழுதுவது இந்த வழியில் வந்ததே. அதைக் குறைபாடென்று நான் முதலில் நினைத்தது தவறு.

இராமாநுசர் இதனை ஒப்பவில்லை. குணங்களை விலக்குவதற்காக வந்த சொற்களல்ல அவை. எல்லையற்ற கல்யாண குணங்களை உள்ளபடியே உரைப்பவை என்பது அவர் சித்தாந்தம். அவர் அதனோடு நிற்கவில்லை. சேதனமும் அசேதனமுமாகிய அனைத்தும் இறைவனுக்குச் சரீரம். சரீரத்தைச் சொல்லும் சொல் சரீரியிலே சென்று முடிவது இயல்பு. ஆகையால் எந்தச் சொல்லும் தன் முழுப்பொருளில் அவனையே சொல்லுகிறது என்று வேதார்த்தசங்கிரகத்தில் நிறுவுகிறார். இந்த வாதத்தை முதன்முதலாக நான் விளங்கிக்கொண்ட நாளில், மேசைமேல் இருந்த அகராதி எனக்கு வேறொரு நூலாக மாறிவிட்டது. கடலையும் கடவையும் கடற்கரையும், ஆணியும் அத்தியும் வௌவாலும், எழுத்தொற்றுமை தவிர வேறு உறவே அற்றவை என்று எண்ணியிருந்த அந்த லட்சம் சொற்களும், தம் பாதிப்பொருளோடு நாம் நிறுத்திவிட்ட திருநாமங்கள் என்றால், தவளைக்கும் திருமாலுக்கும் ஒரு சொல் என்பதில் வியப்பதற்கு என்ன இருக்கிறது? சங்கரருடைய தர்க்கம் கூரியது. அதற்கு நான் தலைவணங்குகிறேன். ஆனால் என் மனம் ஓய்வு கொள்வது இந்த இடத்தில்தான்.

இந்த இரண்டு வழிகளும் ஒரே நூலின்மேல் சந்திப்பதைக் காணவேண்டுமாயின் விஷ்ணு சகசிரநாமத்தின் உரைகளைப் பார்க்கவேண்டும். சங்கரர் பெயரால் ஓர் உரை. ஸ்ரீரங்கத்துப் பராசர பட்டர் செய்த பகவத்குணதர்ப்பணம் மற்றோர் உரை. ஆயிரம் பெயர்களுக்கும் தாதுவைப் பிரித்துப் பொருள் சொல்லும் இவை ஒருவகையில் அகராதிகளே. அந்த ஆயிரத்தில் சில நாமங்கள் திரும்பத் திரும்ப வருகின்றன. விஷ்ணு என்ற நாமமே மூன்று இடங்களில் வருகிறது. அகராதிக்காரர் ஒரு சொல்லை மூன்றாம் முறை கண்டால் மேலே காண்க என்று எழுதி ஒதுக்குவார். உரைகாரர்களோ ஒவ்வொரு முறையும் புதுப்பொருள் காண்கிறார்கள். அன்பு உடையவன் ஒரு பெயரை மூன்று முறை சொன்னால் அது மூன்று சொல்லாகிவிடுகிறது.

இனி, பெயரைப் பற்றிய எல்லாத் தத்துவங்களையும் ஒருசேரச் சோதிக்கும் கதை ஒன்று பாகவதத்தின் ஆறாம் ஸ்கந்தத்தில் இருக்கிறது. கன்னியாகுப்சத்து அசாமிளன் நெறி தவறி வாழ்ந்து, எண்பத்தெட்டு வயதும் கழித்து, மரணப் படுக்கையில் கிடக்கிறான். பத்துப் பிள்ளைகளில் கடைசிப் பிள்ளைக்கு நாராயணன் என்று பெயர். அவன்மேல் கிழவனுக்குப் பாசம் அதிகம். யமதூதர்களைக் கண்டு அஞ்சி, தூரத்தில் விளையாடிக்கொண்டிருந்த அந்தப் பிள்ளையைக் கூவி அழைக்கிறான். வந்து நின்றவர்களோ விஷ்ணுதூதர்கள். அவன் நினைத்தது மகனை, சொன்னது ஒரு பெயரை, கேட்டது இறைவன். நியாய நூலாரின் கணக்குப்படி மகனுக்கு இட்ட பெயர் சங்கேதம். அது மகனோடு முடியவேண்டும். பாகவதமோ அந்தச் சங்கேதத்தையே எடுத்துப் பேசி, வேறொருவரைக் குறித்து அந்த நாமத்தைச் சொன்னாலும் அது பாவத்தை அழிக்கும், தெரியாமல் உண்ட மருந்தும் தன் குணத்தைச் செய்வதுபோல என்று தீர்ப்பளிக்கிறது. முக்தாவளி பயின்ற நையாயிகர் இங்கே ஒரு சமாதானம் கூறக்கூடும்: தந்தை பதினோராம் நாளில் பெயரிடுக என்பது ஈசுவராக்ஞை ஆகையால், மனிதன் இட்ட பெயருக்கும் அவ்விச்சையே சக்தி என்று அந்நூல் கூறுகிறது. பரப்பிய அரிசியில் தந்தை விரலால் எழுதும் பெயருக்குள்ளும் ஈசுவரன் சம்மதம் இருக்கிறது. பெரியாழ்வாரும் பிள்ளைகளுக்குத் திருமாலின் திருநாமத்தை இடுங்கள் என்று தாய்மாரைக் கெஞ்சிக் கேட்டு ஒரு பதிகமே பாடினார்.

ஆனால் கதையைப் பலமுறை படித்த பிறகு, வாதங்கள் ஒதுங்க, ஒரு சிறிய இலக்கணச் செய்தி என் மனத்தில் பெரிதாய் வந்து நின்றது. அசாமிளன் நாராயணன் என்று சொல்லவில்லை, நாராயணா என்றான். முன்னதை எந்த அகராதியிலும் காணலாம். பின்னதை எந்த அகராதியிலும் காணமுடியாது. அகராதி பெயர்களை எழுவாயாகவே அறியும். அவற்றின் விளியை அது பதிவதில்லை. தொல்காப்பியர் வேற்றுமை ஏழு என்று ஒரு முறை கூறி, விளியோடு சேர்த்து எட்டு என்று மறுமுறை கூறி, அந்த எட்டாவதற்கு விளிமரபு என்று தனி இயலே வகுத்தார். அந்த இயலில் தான் என்பதும் யான் என்பதும், அவன் முதலிய சுட்டுப்பெயர்களும் விளி ஏற்கமாட்டா என்று விலக்கியிருக்கிறார். அது என்றும் அவன் என்றும் தத்துவ நூல்கள் சுட்டும் பரம்பொருளை அந்தச் சொற்களால் அழைக்க இலக்கணமே இடங்கொடுப்பதில்லை. அழைக்கவேண்டுமாயின் பெயர் வேண்டும். பொருள் என்ன என்று கேட்கும்போது நாம் ஒன்றைப் பற்றிப் பேசுகிறோம். விளிக்கும்போது அதனோடு பேசுகிறோம். விளிக்கு விளக்கம் எழுதமுடியாது. அதற்கு ஏற்றது மறுமொழி ஒன்றே. கடவுளைக் கொண்டுவா என்று யாரும் சொல்லக் கேட்டிராத குழந்தை, விளக்கேற்றும் வேளையில் தாய் ஒரு பெயரைக் கூப்பிட்டுக் கைகூப்புவதைக் கண்டிருக்கிறது. அந்தச் சொல்லுக்கு அதுவே விருத்தவியவகாரம்.

தொலைவில் உள்ளவரை அழைக்கும்போது விளியின் ஓசை மாத்திரை கடந்து நீளும் என்பதும், அண்மையில் உள்ளவரை அழைத்தால் அன் என்னும் ஈறு அகரமாகக் குறுகி நிற்கும் என்பதும் அந்த இயலிலேயே உள்ளவை. பாகவத ஆசிரியரும், பிள்ளை தூரத்தில் விளையாடிக்கொண்டிருந்ததையும் கிழவன் குரலை நீட்டி உரக்க அழைத்ததையும் மறவாமல் குறிக்கிறார். வேறு வேறு மொழியில் எழுதிய இருவரும் ஓர் ஓசையைக் காது கொடுத்துக் கேட்டிருக்கிறார்கள். எட்டியிருக்கும் மகனுக்காக அவன் நீட்டிய அந்த ஓசை மகனை எட்டியதா என்பது கதையில் இல்லை. குறுகிய அகரத்தால் அழைத்தாலே கேட்கும் தூரத்தில் வேறொருவர் இருந்திருக்கிறார்.

என் பாட்டனார் காலமாகிப் பதினாறு ஆண்டுகளுக்குப் பின் பாட்டி படுக்கையில் விழுந்தார். பாட்டனார் போன பின்னும் அவர் தம் வழக்கத்தை விட்டதில்லை. பஜனையில் அந்த நாமம் வரும்போது அவர் உதடுகள் முன்போலவே மூடிக்கொண்டன. நினைவு தப்பிக் கிடந்த மூன்றாம் நாள் விடியற்காலையில், நாங்கள் கூடத்தில் ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்திருக்கையில், ஆயுளில் ஒருவரும் அவர் வாயிலிருந்து கேட்டிராத அந்தப் பெயரை, ஈற்றெழுத்தை நீட்டாமல், பக்கத்தில் இருப்பவரை அழைக்கும் குரலில், அவர் ஒருமுறை சொன்னார். மறுகோடியில் தூணில் சாய்ந்திருந்த என் தமையனார் எழுந்து வந்து, என்ன பாட்டி என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.